நாவடியாக

பெரியவர் பெப்பர்மிண்ட் மிட்டாயை ஜன்னல் கட்டையில் வைத்தார். வைத்துவிட்டு, சரிதானே என்பதுபோல் எதிரே உட்கார்ந்திருந்த மேகத்தைப் பார்த்துப் புன்னகைத்தார்.

நாக்குக்குக் கீழே போயிருக்க வேண்டிய மிட்டாய் அது.

மேகம் என்பது அவளுடைய பெயர் இல்லை. மருந்துப் பெட்டிகளுக்குள் மடித்து வைக்கும் துண்டுத்தாள்களை மொழிபெயர்க்கும் அந்த அலுவலகத்தில், அவள் சேர்ந்த மூன்றாம் நாளே அப்படிக் கூப்பிடத் தொடங்கிவிட்டார்கள். கூப்பிட்டால் திரும்புவாள். ஆனால் எங்கிருந்தோ இறங்கி வந்து சேரக் கொஞ்ச நேரம் ஆகும்.

"என்னம்மா எழுதித் தொலைச்சே?" பின்னாலிருந்து பிரிவுத் தலைவி கேட்டாள். அவள் கையில் சோதனைப் படிவமும், தொப்பி திறந்த பேனாவும் இருந்தன.

"'இந்த மாத்திரையை நாவடியாக எடுத்துக்கொள்ளவும்'னு எழுதியிருக்கேன் மேடம்."

"எங்க, இன்னொரு தடவை சொல்லு?"

"நாவடியாக."

மூலத்தாளில் அது ஒரே ஒரு வினையடை. மாத்திரையை நாக்குக்குக் கீழே வைத்து, விழுங்காமல், தானாகக் கரையவிட வேண்டும் என்ற மொத்த வேலையையும் அந்த ஒற்றைச் சொல் தலையில் சுமந்துகொண்டு நின்றது. நெஞ்சுவலிக்காரர்களின் மாத்திரை. நாக்கின் அடியில் கரைந்தால் சில நிமிடங்களில் வேலை செய்யும்; விழுங்கினால் வயிற்றுக்குள் ஊர்சுற்றிவிட்டுத் தாமதமாக வரும். 'வாய்வழியாக', 'தோலடியாக' என்ற சொற்கள் அலுவலகப் பட்டியலில் முன்பே இருந்தன. அவற்றுக்கு ஒரு தங்கையைப்போல 'நாவடியாக'வை அவள் உண்டாக்கினாள். முணுமுணுத்துப் பார்த்தபோது, ஒரு சிறு படகு பாலத்துக்கு அடியில் சத்தமில்லாமல் நுழைவதுபோல் இருந்தது.

"படகு மாதிரி இருக்கு மேடம், அந்தச் சொல்லு."

"படகு போகட்டும். மாத்திரை ஜன்னலுக்குப் போகுதே, அதைச் சொல்லு."

அந்த அலுவலகத்தில் எந்தத் தாளும் பொது வாசகரைத் தாண்டாமல் அச்சுக்குப் போகாது. மொழிபெயர்த்தவர் வாசகருக்கு எதிரே உட்கார வேண்டும். வாய் திறக்கக் கூடாது. வாசகர் தாளைப் படித்துவிட்டு, மாத்திரைக்குப் பதிலாகத் தரும் மிட்டாயை வைத்து, அதில் உள்ளபடி செய்து காட்ட வேண்டும். பதினோரு வருடங்களாகப் பொது வாசகர் இந்தப் பெரியவர்தான். கண் சொட்டு மருந்துத் தாளைக் கொடுத்தால் தலையை அழகாகப் பின்னால் சாய்ப்பார். களிம்புத் தாளைக் கொடுத்தால் முழங்கையைத் தேய்ப்பார். இதுவரை ஒருமுறைகூடப் பிசகியதில்லை. அவர் தப்பாகச் செய்தால் தாள்தான் தப்பு என்பது எல்லோருக்கும் வேதவாக்கு.

மேகத்துக்கு இன்று ஆறாவது மாதத்தின் கடைசி நாள். நான்கு மணிக்கு அச்சகத்து ஆள் வருவார். அதற்குள் இந்தத் தாள் தேறினால் வேலை நிரந்தரம். தேறாவிட்டால் சித்தப்பாவின் திரைச்சீலைக் கடை. அங்கே அவளுக்காக ஒரு முக்காலி சுவரைப் பார்த்தபடி காத்திருந்தது. "கடையில கதைப் புத்தகத்தைப் பிரிச்சே, கையை ஒடிச்சுடுவேன்" என்று சித்தப்பா அன்போடு முன்கூட்டியே சொல்லியிருந்தார்.

அவளும் என்ன செய்வாள்? பெரியவர் படித்த அந்த அரை நிமிடத்தில், ஜன்னலுக்கு வெளியே கொடியில் ஒரு வெள்ளைப் போர்வை உப்பி உப்பி அடங்கிக்கொண்டிருந்தது. பனி பெய்யும் ஏதோ ஓர் ஊரின் ரயில் நிலையத்தில் அவள் கைப்பெட்டியோடு இறங்கிவிட்டிருந்தாள்.

"தமிழ்ல சொன்னாத்தான் என்ன?" என்றாள் பிரிவுத் தலைவி, பெரியவருக்குக் கேட்காமல் அவள் காதருகே குனிந்து. "உடைச்சு எழுது. 'நாக்குக்கு அடியில் வைக்கவும்'னு போடு."

மேகம் உடைத்து எழுதினாள். புதுத் தாளைப் பெரியவர் இரண்டு கையாலும் வாங்கி, முகத்துக்கு நேரே உயர்த்திப் பிடித்தார். தாளின் விளிம்புக்கு மேலே அவருடைய கண்கள் மட்டும் தெரிந்தன.

மேகத்தின் செருப்பு வார் பிய்ந்து நூலில் தொங்கிக்கொண்டிருந்தது. பாலைவனத்தை நடந்தே கடந்த ஒரு பெண்ணின் செருப்பு இப்படித்தான் இருந்திருக்கும், அவள் கடைசியாக ஒரு கிணற்றடியில் அதைக் கழற்றிவைத்தபோது...

"ஆச்சும்மா" என்றார் பெரியவர். "போன தடவையை விட இது இன்னும் தெளிவா இருக்கு."

குனிந்து, தன் வலது செருப்பைக் கழற்றி, மிட்டாயை அதற்கு அடியில் வைத்து, மேலே காலை வைத்துக்கொண்டார்.

பிரிவுத் தலைவி கண்ணை மூடித் திறந்தாள். "அடியிலங்கறது அவருக்கு நல்லாவே புரிஞ்சிருக்கு. எதுக்கு அடியிலங்கறதுதான் இடிக்குது."

"படம் போட்டுடலாமா மேடம்?"

"படமா? ஒரு படத்துக்கு மூணு கமிட்டி உக்காரும். அதுக்குள்ள நோயாளிக்கு நெஞ்சுவலி தானாவே நின்னுடும், நெஞ்சோட சேர்த்து."

அடுத்த தாளில், 'நாக்கை மேலே தூக்கி, அதன் கீழே மாத்திரையை வைத்து, கரையும்வரை காத்திருக்கவும்' என்று எழுதினாள். படகு இப்போது சரக்குக் கப்பலாகிவிட்டிருந்தது.

பெரியவர் தாளை உயர்த்தினார். மேகம் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். பிடித்த மூச்சு பத்து நொடிதான் தாங்கியது. அலமாரியின் தலைமீது பழைய கோப்புகள் கோணல்மாணலாக அடுக்கிக் கிடந்தன. மாலை வெளிச்சத்தில் பார்த்தால் மலைமேல் ஒரு நகரம். அதன் ஒவ்வொரு கோபுரத்திலும் ஒரு விளக்கு. ஒரு ஜன்னலில் யாரோ கடிதம் எழுதுகிறார்கள்...

நாற்காலி நகரும் ஓசை கேட்டு அவள் ஊருக்குத் திரும்பியபோது, பெரியவர் நாற்காலியின் மேல் ஏறி நின்று, மிகுந்த கவனத்தோடு மிட்டாயை மேல் கோப்பின் மீது வைத்துக்கொண்டிருந்தார்.

"ஐயா, பாத்து, பாத்து! விழுந்துடப்போறீங்க!" பிரிவுத் தலைவி ஓடிப்போய் அவருடைய முழங்காலைப் பிடித்துக்கொண்டாள். "மேலன்னு எழுதினியே, ஏத்திவிட்டுட்ட பாத்தியா? எடு அதை முதல்ல!"

"ரொம்ப நல்லா எழுதியிருக்காங்க. பொண்ணைத் திட்டாதீங்க" என்றார் பெரியவர், மேலேயிருந்து.

'மேலே' போயிற்று. அதற்குப் பதிலாக 'தண்ணீர் குடிக்கக் கூடாது' வந்தது. மணி மூன்றரை. எதிரே மேசையில் ஒரு கண்ணாடித் தம்ளர். வெயில் அதற்குள் புகுந்து, மேசைவிரிப்பில் ஒரு நடுங்கும் வட்டமாக விழுந்தது. அந்த வட்டத்துக்குள் ஒரு கடல், கடலுக்குள் ஒரு கலங்கரை விளக்கம், அதன் காவல்காரனுக்கு மூன்று வருடமாக யாரும் கடிதம் போடவில்லை.

டுப் என்றது கடல்.

பெரியவர் மிட்டாயைத் தம்ளருக்குள் போட்டு, நன்றாகச் சுழற்றி, ஒரே மடக்கில் குடித்தார். "குளுகுளுன்னு இருக்கும்மா" என்று வாயைத் துடைத்துக்கொண்டார்.

"குடிக்காதேன்னு எழுதினா குடிக்கத்தான் தோணும்" என்றாள் பிரிவுத் தலைவி களைத்துப்போய். "மனுஷ மனசு அப்படி. அவரைச் சொல்லிக் குத்தமில்ல. உன் எழுத்து அவரைக் குடிக்க வைக்குது."

மேகத்துக்குக் கண் கலங்கியது. ஆறு மாதமாக அவள் தேடியதெல்லாம் ஒரு சொல் போய்த் தொடவேண்டிய இடத்தைத் தொட வேண்டும் என்பதைத்தான். அவளுடைய சொற்களோ ஜன்னலுக்குப் போகின்றன, செருப்புக்குப் போகின்றன. யாரோ ஒருவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு இந்தத் தாளைப் பிரிக்கும்போதும் இப்படித்தான் போகுமா?

"மேடம், கடைசியா ஒரு தடவை."

"நேரமில்லம்மா. முதல்ல எழுதினதையே குடு. எப்படியும் தோக்கத்தான் போறோம். ஒத்தை வார்த்தையோட தோத்தா மையாவது மிஞ்சும்."

முதல் தாள் மறுபடி பெரியவர் கைக்குப் போனது. இந்த முறை மேகம் எங்கும் போகவில்லை. ரயிலும் வரவில்லை, கடலும் வரவில்லை. முக்காலி மட்டும் வந்தது. அதையும் தள்ளிவிட்டு, அவருடைய வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஐயா, நாக்கு. ஐயா, நாக்குக்குக் கீழே என்று மனதுக்குள் கெஞ்சினாள். அவளுடைய உதடுகள் தாமாகக் கொஞ்சம் பிரிந்தன. நாக்கு மேலண்ணத்தில் போய் ஒட்டிக்கொண்டது.

பெரியவர் தாளைத் தாழ்த்தினார். வாயைத் திறந்தார். நாக்கைத் தூக்கினார். மிட்டாயை, தொட்டிலில் குழந்தையை வைப்பதுபோல, அதன் அடியில் வைத்து வாயை மூடிக்கொண்டார்.

மிட்டாய் கரைவதற்குச் சத்தம் உண்டென்றால் அந்த அறையில் அது கேட்டிருக்கும்.

"பேசாதீங்க ஐயா! கரையட்டும்!" பிரிவுத் தலைவி பேனாவால் படிவத்தைக் கிழித்துவிடும் வேகத்தில் கையெழுத்துப் போட்டாள். பெரியவரும் தன் பங்குக்கு ஒரு பெரிய சுழியோடு கையெழுத்துப் போட்டார். "பாத்தியா? விளக்கம் ஏற ஏறக் குழப்பம். இனி நம்ம பட்டியல்ல 'நாவடியாக'தான். நாளைக்கே உன் வேலை நிரந்தர உத்தரவைத் தட்டச்சு பண்ணச் சொல்றேன். சித்தப்பாகிட்ட முக்காலியை வேற யாருக்காவது குடுக்கச் சொல்லு."

சரியாக நான்கு மணிக்கு அச்சகத்து ஆள் வந்து தாளை வாங்கிக்கொண்டு போனார். ஒரு லட்சம் பிரதிகள். அவருடைய வண்டி தெருமுனை திரும்பும்வரை மேகம் ஜன்னலில் நின்று பார்த்தாள். ஒரு லட்சம் சிறு படகுகள் ஒரு லட்சம் பாலங்களுக்கு அடியில் நுழைவது அவளுக்குத் தெரிந்தது.

அப்போது கையில் குடையோடு ஓர் அம்மாள் உள்ளே எட்டிப் பார்த்தார். பெரியவரைக் கூட்டிப்போக வந்த அவருடைய மனைவி.

"முடிஞ்சுதா? மழை வர்ற மாதிரி இருக்கு."

பெரியவர் உப்பிய வாயோடு தலையை ஆட்டினார். மேகம் ஓடிப்போய் அந்த அம்மாளின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அம்மா, இவரை மாதிரி ஒரு வாசகர் கிடைக்க நாங்க குடுத்து வச்சிருக்கணும். என் எழுத்தைக் கடைசியில எவ்வளவு சரியாப் படிச்சாரு தெரியுமா?"

"எழுத்தையா?" அந்த அம்மாள் சிரித்துவிட்டார். "கையெழுத்து மட்டும் நான் பழக்கிவிட்டது, மத்த எழுத்தெல்லாம் அவருக்கு எறும்பு ஊர்ற மாதிரி, எதிர்ல உக்காந்திருக்கறவங்க கண்ணு எங்க போகுதோ அதைத்தான்மா அவர் படிப்பாரு, அதுல மட்டும் ஒரு நாளும் தப்பே பண்ணினதில்ல!"