யோகராஜ் காலத்தைக் கவாத்து வெட்டிய கதை

இனிமேல் புல் வெட்டுவதில்லை என்று யோகராஜ் முடிவெடுத்தார். அதை வாய்விட்டுச் சொன்னார். மனைவி கிருஷ்ணகுமாரி மலையில் கொழுந்தெடுத்துக்கொண்டிருந்ததால் தைரியமாகவே சொன்னார். கேட்டது செவலைப் பசு மட்டும்தான். அது வாலை ஆட்டியது.

வளர்ந்த தேயிலையை முழங்கால் உயரத்துக்கு வெட்டித் தள்ளுகிற கவாத்து வேலை அவருக்கு. தோட்டத்தில் ஆண்களுக்கு மத்தியானத்தோடு வேலை முடிந்துவிடும். பெண்களுக்கு அந்தி வரைக்கும் மலைதான். மத்தியானத்துக்கு மேல் மற்ற ஆண்களெல்லாம் காலை நீட்டிக்கொண்டு கடதாசிச் சீட்டு விளையாடும்போது, யோகராஜ் மட்டும் ஓடைக்கரையில் புல் வெட்டினார்.

போன வருஷம் வீட்டுக்கு டீவியா, பசுவா என்று ஒரு கேள்வி வந்தது. யோகராஜ் டீவி என்றார். கிருஷ்ணகுமாரி பசு என்றாள். வெகுநேரம் விவாதித்துவிட்டு இருவரும் ஒருமனதாகப் பசு வாங்கினார்கள்.

அந்தப் பசுவுக்குக் கன்று போட வேறு நாளா கிடைக்கவில்லை? இலங்கை கிரிக்கெட் உலகக் கிண்ணத்தை வென்ற அன்றைக்கு வரிசை வீட்டு லயமே அடுத்த லயத்து டீவிக்கு முன்னால் குவிந்திருந்தது. யோகராஜ் கொட்டிலில் கன்றின் காலைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தார். ஊரெல்லாம் வெடி போட்டார்கள். தன் கன்றுக்குத்தான் போடுகிறார்கள் என்று பசு நினைத்திருக்கும். அந்த வயிற்றெரிச்சல் அவருக்கு இன்னும் அடங்கவில்லை.

அதே வருஷம்தான் அரசாங்கம் கடிகாரத்தை முன்னுக்குத் தள்ளியது. பழைய நேரம், புது நேரம் என்று காலம் கிளை விட்டது. கிருஷ்ணகுமாரி புருஷனை எழுப்புவது புது நேரத்துக்கு. தேத்தண்ணி கொடுப்பது பழைய நேரத்துக்கு. கிளை என்று ஒன்று வந்துவிட்டால் அதை ஆள ஒரு அரசாங்கக் கந்தோரும் வரத்தானே வேண்டும்? கஹவத்தை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால், மாடியில், காலக் கிளைகள் பரிபாலனத் திணைக்களம் திறந்தார்கள். வாழ்க்கையில் தப்பான பக்கம் திரும்பிவிட்டவர்கள் கேட்டால், மற்றப் பக்கத்துக்கு மாற்றல் கொடுப்பார்களாம்.

மறுநாள் காலை யோகராஜ் வெள்ளைச் சட்டை போட்டார்.

“எங்க கெளம்பிட்டீங்க?” என்றாள் கிருஷ்ணகுமாரி.

“பல்லு வலி. கஹவத்தைக்குப் போயி புடுங்கிட்டு வர்றேன்.”

“எந்தப் பல்லு?”

“அது... டாக்டரு பாத்துச் சொல்லுவாரு.”

“ஹரி ஹரி, போயிட்டு வாங்க” என்று சிங்களத்தில் சரி சொல்லிவிட்டுக் கூடையை மாட்டிக்கொண்டு போய்விட்டாள். இத்தனை சுலபமாக விட்டதே யோகராஜுக்கு உறுத்தியிருக்க வேண்டும். உறுத்தவில்லை.

கந்தோரில் சுவர் நிறையக் கடிகாரங்கள். ஒன்றுக்கொன்று பேச்சுவார்த்தை இல்லை. நாளைக்கு வரவேண்டியவர்களெல்லாம் வரிசையில் அவருக்கு முன்னால் நின்றார்கள். ஒருவழியாக மேசைக்குப் போனால், நல்லவேளை, அங்கே இருந்த அதிகாரி பளீல் தமிழ் பேசுகிற மனிதர்.

“சேர், பேரு யோகராஜ். போன வருஷம் பசு வாங்காம டீவி வாங்குன பக்கத்துக்கு என்னைய மாத்திக் குடுங்க.”

“ஆ, நீங்கதானா? உங்கட சம்சாரம் நாளைக்கு வந்திட்டுப் போயிட்டாங்களே!”

“நாளைக்கா?”

“நாளைக்குக் காலையில. முதல் ஆளா வந்தாங்க.”

யோகராஜ் மேசைப் பக்கம் குனிந்தார். “என்னா சேர் சொன்னா?”

“நீங்க கேக்கிறதுக்கு ஆட்சேபனை இல்லையாம். சின்னதா ஒரு விஷயம் கேட்டாங்க. நாளைக்கு நடந்தத இன்டைக்குச் சொல்ல ஏலாது தம்பி. சட்டம்.”

ஆட்சேபனை இல்லை! கல்யாணம் முடித்த நாளிலிருந்து கேட்டறியாத வார்த்தை. யோகராஜுக்கு மனசு குளிர்ந்துபோனது. மிச்சம் எதுவும் காதில் ஏறவில்லை.

“இன்னொன்டு. அந்தப் பக்கத்துல உலகக் கிண்ணம் யாருக்குப் போனதோ, எங்களுக்குத் தெரியாது.”

“நா டீவியில பாத்துக்கிறேன் சேர்.”

“சரி. இப்ப பசு நிக்கிற கிளைய என்ன செய்ய? அப்படியே விடவா, வெட்டவா?”

தொழில்காரரிடம் கேட்கிற கேள்வியா இது? யோகராஜ் நெஞ்சை நிமிர்த்தினார்.

“வெட்டுங்க சேர்! முழங்காலு உசரத்துக்கு வெட்டுங்க. றக்வானைப் பக்கம் நா வெட்டாத மலையா?”

“யோசிச்சுத்தான் சொல்றீங்களா?”

“கவாத்துக்காரன் வெட்டுறதுக்கு யோசிப்பானா?”

பளீல் முத்திரையைக் குத்தினார்.

அந்தியில் லயத்துக்கு வந்தால் வீட்டுக் காம்பராவில் டீவி! கொட்டில் வெறிச்சோடிக் கிடந்தது. கிருஷ்ணகுமாரி சிரித்துக்கொண்டே தேத்தண்ணி நீட்டினாள். “பல்லு போயிருச்சா?”

“வேரோட போயிருச்சு.”

அன்றைக்கென்று அந்த இறுதி மேட்சைச் சுருக்கி மறுபடியும் போடுகிறார்களாம். யோகராஜ் காலை நீட்டி உட்கார்ந்தார். முதல் பந்து. பின்பக்கம் ஒரு “ம்மா”. இரண்டாவது பந்து. இன்னொரு “ம்மா”.

கொட்டிலுக்கு ஓடினார். நான்கு செவலைகள். அதே மூஞ்சி, அதே வால், ஒவ்வொன்றுக்கும் ஒரு கன்று.

“ஏ புள்ள! என்னா இது?”

“துளிரு.”

“துளிரா?”

“ஒரு கெளைய வெட்டுனா அந்த எடத்துல நாலு வரும். இத்தன வருஷமா வெட்டுறீங்க, தெரியாதா?”

யோகராஜ் வெட்டிய கையோடு வீட்டுக்கு வருகிற ஆள். பிறகு துளிர்த்ததை ஒருநாளும் நின்று பார்த்ததில்லை.

“நா வெட்டச் சொல்லுவேன்னு ஒனக்கு எப்பிடித் தெரியும்?”

“ஒங்களுக்கு வேற என்னா சொல்லத் தெரியும்? அதான் நாளைக்குப் போயிட்டு வந்தேன். அவரு வெட்டட்டும், துளிர்க்கிறதெல்லாம் எம் பேருல போடுங்கன்னு கேட்டேன். வெட்டுறது ஆம்பளைங்க, கொழுந்து எடுக்கிறது நாங்க. தோட்டத்து வழக்கந்தானே?”

“அப்ப டீவி?”

“அத நாங்க பாத்துக்கிறோம். நீங்க இருட்டுறதுக்குள்ள நாலு மாட்டுக்கும் புல்லு கொண்டாந்துருங்க” என்று அரிவாளைக் கையில் கொடுத்தாள்.

லயத்துப் பெண்களெல்லாம் வந்து காம்பராவில் நெருக்கியடித்து உட்கார்ந்தார்கள். யோகராஜ் ஓடைக்கரைக்குப் போனார். மூன்றாவது புல்லுக்கட்டைக் கட்டும்போது லயத்துப் பக்கமிருந்து பெரிய ஆரவாரம் கேட்டது. இந்தக் கிளையில் யாரிடம் போயிற்றோ கிண்ணம்! புல்லுக்கட்டோடு மேட்டில் ஏறி நின்று கத்தினார்.

“ஏ புள்ள! யாரு ஜெயிச்சா?”

“நாங்கதாங்க!” என்றாள் கிருஷ்ணகுமாரி.