ஒரு நூற்றாண்டு மூத்த வீடு

படிவத்தின் ஏழாவது கேள்வியில் ஹெட்கிளார்க்கின் பேனா நின்றுவிட்டது. ‘வீடு கட்டப்பட்ட நூற்றாண்டு?’

தெருவின் பழைய வீடுகளுக்கு நகராட்சி பித்தளைத் தகடு தரப்போகிறது. அவர் வீட்டு வாசலின் மேல்கல்லில் 1800 என்று வெட்டியிருந்தது. எதிரே மருந்துக்கடைக்காரர் வீட்டுக் கல்லில் 1801.

“பத்தொன்பதுன்னு போடுங்க. எதிர்வீட்டுலயும் அதைத்தான் போட்டிருக்காங்களாம்,” என்றாள் மனைவி.

“அவங்களுக்கும் நமக்கும் ஒரே தகடா? நம்மது மூத்த வீடு.”

“ஒரு வருஷந்தானே?”

“ஒரு நாளா இருந்தாலும் மூத்தது மூத்ததுதான்.”

மகளை எதிர்வீட்டுப் பையனுக்குப் பேசி முடித்திருந்தார்கள். மூன்று வாரத்தில் கல்யாணம். பெண்ணைக் கொடுக்கிறவன் குனிந்துதான் நிற்பான் என்று எவனும் நினைத்துவிடக் கூடாதே என்ற கவலை அவரை அரித்துக்கொண்டிருந்தது. நியாயமான கவலைதான்.

இரண்டு நாள் நூலகத்தில் கிடந்தார். மூன்றாம் நாள் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வந்தார்.

“பூஜ்யம்னு ஒரு வருஷமே கிடையாதுடி. ஒண்ணுலேருந்து எண்ணினா நூறோடதான் முதல் நூறு முடியும். அப்போ ஆயிரத்து எண்ணூறு எதுல சேரும்?”

“சாப்பாடு ஆறுது.”

“பதினெட்டாம் நூற்றாண்டுல! அதோட கடைசி வருஷம். அவங்களோடது பத்தொன்பதுக்கு முதல் வருஷம். நாம ஒரு நூற்றாண்டு மூத்தவங்க!”

படிவத்தில் எழுதியதோடு விட்டிருக்கலாம். தெருவைத் தாண்டி மருந்துக்கடைக்குப் போய்ச் சொன்னார்.

“அப்போ எங்க வீடு, சம்பந்தி?”

“உங்களதும் பழசுதான். கவலைப்படாதீங்க. ஒரு நூற்றாண்டு பின்னால, அவ்வளவுதான்.”

மருந்துக்கடைக்காரர் சிரித்தார். “டிசம்பர்ல பொறந்தவன் அடுத்த ஜனவரியில பொறந்தவனைப் பேரான்னு கூப்பிட்ட மாதிரி இருக்கே!”

இருமல் மருந்துக்கு நின்றவர்கள் இருமலையும் மறந்து சிரித்தார்கள். ஹெட்கிளார்க்கின் காது சிவந்தது.

சிரித்த வாய்களை அடைக்க ஒரே வழிதான் அவருக்குத் தெரிந்தது. எழுத்தில் போடுவது. யாரையும் கேட்காமல் கல்யாண அழைப்பிதழை மறுபடி அச்சடித்தார். தம் முகவரிக்குக் கீழே ‘பதினெட்டாம் நூற்றாண்டு இல்லம்’. பிள்ளை வீட்டு முகவரிக்குக் கீழே ‘பத்தொன்பதாம் நூற்றாண்டு இல்லம்’. இருநூறு அழைப்பிதழ்கள் போய்ச் சேர்ந்த பிறகுதான் ஒன்று எதிர்வீட்டுக் கண்ணில் பட்டது.

மருந்துக்கடைக்காரர் வந்து வாசலிலேயே நின்றார். “இதை மாத்துங்க.”

“கணக்கு தப்புன்னு காட்டுங்க, மாத்தறேன்.”

“கணக்கு சரிதான், சார். சேர்ற இடந்தான் எங்களுக்குச் சரியில்ல.”

சம்பந்தி போய் ‘சார்’ வந்துவிட்டதைக் கதவுக்குப் பின்னால் நின்ற மகள்தான் முதலில் கவனித்தாள்.

கல்யாணம் நின்றது. பையன் வேறு ஊருக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு போனான். மகள் அழவில்லை. தெருப்பக்கத்து ஜன்னலைச் சாத்தினாள், பிறகு திறக்கவே இல்லை. பகலிலும் கூடத்தில் விளக்கு எரிந்தது.

“ஒரு நூற்றாண்டை ஜெயிச்சாச்சு. வச்சுக்கிட்டு என்ன பண்றதா உத்தேசம்?” என்றாள் மனைவி.

“குடும்ப மானம்னு ஒண்ணு இருக்குல்ல?” என்றார். முதல் தடவையாக அவர் குரல் உள்ளே போயிருந்தது.

தகடு வந்த அன்று சலவைச் சட்டை போட்டுக்கொண்டு வாசலில் நின்றார். எதிர்வீட்டுக் கதவு மூடியிருந்தது. கொத்தனார் ஏணியில் ஏறி, ஈரத்துணியால் கல்லைத் துடைத்தார்.

“எங்க அடிக்கணும், ஐயா?”

“வருஷத்துக்கு நேர் கீழே.”

“எந்த வருஷம்?”

“கண்ணு தெரியலையா? ஆயிரத்து எண்ணூறு!”

கொத்தனார் கல்லைப் பார்த்தார். திரும்பி எதிர்வீட்டுக் கல்லைப் பார்த்தார். ஆணியை வாயிலிருந்து எடுத்தார்.

“இது வருஷம் இல்லீங்கய்யா, குவாரியில கல்லுக்கு வரிசையா வெட்டுற நம்பரு. அடுத்தது எதிர்வீட்டுல இருக்கு. இதுக்கு முந்தின 1799, போன மாசம் நான் பேத்தேனே, உங்க கக்கூஸ் படி, அதோட அடிப்பக்கத்துல வெட்டியிருக்கு.”