நாலாவது கட்டம்

பேப்பரைப் பிரித்ததும் தலைப்புச் செய்தி படிக்கிறேன் என்பவனை நம்பாதீர்கள். எல்லோரும் முதலில் பார்ப்பது நாலு கட்டச் சிரிப்புப் படத்தைத்தான். மூன்றாம் வகுப்பு தாண்டாத நான் கண்டுபிடித்த இந்த உண்மை, திருப்போரூரில் கோட்டு போட்ட எந்த மனை வியாபாரிக்கும் தெரியவில்லை. (இன்றுவரை தெரியாது.)

இரண்டாயிரத்துக்குப் பிறகு, எங்கள் பக்கம் நிலம் சூடு பிடித்த சமயம். அதுவரை அடுத்தவன் மனைக்குச் சுண்ணாம்புக் கோடு போட்டுக்கொண்டிருந்த நான், முதன்முதலாகச் சொந்தமாக லே-அவுட் போட்டேன். ‘கடல் பார்த்த மனைகள்’ என்று பெயர். திறப்பு ஞாயிறன்று ஆள் வராவிட்டால் மறுபடி சுண்ணாம்பு வாளிதான். அதனால் உள்ளூர் வாரப் பத்திரிகையில் சிரிப்புப் படமாகவே விளம்பரம் கொடுத்தேன். செங்கல்பட்டில் போர்டு எழுதும் சேகர் வரைந்தான்.

கொண்டுவந்து காட்டினான். எழுத்தெல்லாம் எறும்பு சைஸ். நான் என் முகத்தை மட்டும் பார்த்தேன்; தலையில் தாராளமாக முடி வைத்திருந்தான். நாலாவது கட்டத்தில் பனைமரத்து உச்சியில் ஒருவன். நுங்கு வெட்டுகிறான், செழிப்பான இடம் என்று சேகர் காட்டுகிறான் போலிருக்கிறது என நினைத்து, போடச் சொல்லிவிட்டேன்.

ஞாயிறு காலை கூட்டமான கூட்டம். ஆனால் ஒருவரும் மனையைப் பார்க்கவில்லை. எல்லோரும் என் மனைக்கு நடுவில் நின்ற ஒற்றைப் பனைமரத்தை அண்ணாந்து பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். கல்பாக்கத்தில் வேலை பார்க்கும் ஒருவர் பத்திரிகையை நீட்டி, “கடல் பாக்க ஏற வேண்டிய மரம் இதானுங்களா?” என்றார். அவர் மனைவி எனக்குப் படித்துக் காட்டினார். மூன்றாவது கட்டத்தில் மனை வாங்க வந்தவன் கடல் எங்கே என்கிறான். நான் மேலே கை காட்டுகிறேன். நாலாவதில் அவன் மரத்தில்.

கூட்டத்தோடு நின்று வேடிக்கை பார்த்த சேகரைச் சட்டையோடு பிடித்தேன்.

“இன்னா அண்ணாத்த, நீதான சிரிப்புப் படம் கேட்ட? கடசி கட்டத்துல சிரிப்பு இல்லன்னா எவன் படிப்பான்?” என்றான்.

வேறொருவனாக இருந்தால் ஓடியிருப்பான். நான் வேட்டியை மடித்துக் கட்டி, அந்த மரத்திலேயே ஏறினேன். கடல் தெரிந்தது. நெம்மேலிப் பக்கம் நீலமாக, யாரோ கோடு போட்டதுபோல. தெரிகிறது என்று கத்தினேன். கீழே கைதட்டல். அப்புறம்தான் உறைத்தது: எனக்கு ஏறத்தான் தெரியும்.

“எறங்குய்யா, ஜனம் சிரிக்குது,” என்றாள் என் மனைவி கன்னியம்மா.

“சிரிக்கட்டும். கடல் தெரிதுன்னு சொல்லு,” என்றேன், மரத்தைக் கட்டிப் பிடித்தபடி.

நிஜமாகவே நுங்கு வெட்டுகிறவர் வந்து, கயிறு கட்டி, மூட்டைபோல என்னை இறக்கினார். வேட்டி மேலேயே மாட்டிக்கொண்டு கொடியாகப் பறந்தது.

அன்று ஒரு மனைகூடப் போகவில்லை. அடுத்த ஞாயிறு, அந்த வேட்டியைப் பார்க்க வந்த கூட்டத்தில்தான் விற்க ஆரம்பித்தது. கல்பாக்கத்துக்காரர் அந்த மரம் நின்ற மனையை மரத்தோடு சேர்த்தே வாங்கினார். சுண்ணாம்பு வாளியை நான் மறுபடி தொடவில்லை.

இப்போதும் வீட்டில் என் சாமர்த்தியத்தைப் பற்றி வாய் திறந்தால் போதும், சமையலறையிலிருந்தே மருமகள் குரல் வரும்: “மாமா, எறங்குங்க.” வீடே சிரிக்கும். சிரிக்கட்டும். கடல் தெரிந்ததா இல்லையா?