கமிஷனர் கண்டுபிடித்த அஸ்திவாரம்

வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார் என்பார்கள். நான் வரிசையை மாற்றிக் கல்யாணத்தை முதலில் பண்ணிக்கொண்டவன். அதன் பலனாக, எண்பதுகளின் தொடக்கத்தில் ஏற்காட்டில் வீட்டோடு மாப்பிள்ளையாக இருந்தேன். மாமனார் எஸ்டேட் ரைட்டர். தினமும் ஆட்களைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு ஆஜர் போடுகிறவர். சாப்பிட உட்காரும்போது என்னையும் அந்தப் பார்வைதான் பார்ப்பார். (ஒரு வார்த்தை சொன்னதில்லை. அதுதான் கொடுமை.)

எப்படியாவது தனி வீடு போய்விட வேண்டும் என்று கிளியூர் பக்கம் ஒரு துண்டு நிலம் வாங்கினேன். அனுமதியும் கிடைத்தது. அஸ்திவாரம் தோண்டி, அடியில் ஒரு வரிசைக் கல் வைத்ததும் மழை பிடித்துக்கொண்டது. மழை விடுவதற்குள் பஞ்சாயத்தில் அனுமதியை ரத்து செய்துவிட்டார்கள். கெடுவுக்குள் நான் வேலையைத் தொடங்கவே இல்லையாம். எனக்கு வந்த ஆத்திரத்தில் சேலம் கோர்ட்டில் வழக்குப் போட்டேன்.

"கேஸ் முடியற வரைக்கும் அந்த எடத்துல ஒண்ணும் பண்ணக் கூடாதுங்க" என்றார் வக்கீல். நான் அந்தத் திசைக்கே போகவில்லை. பஸ்ஸில் மலை இறங்குவதும், வாய்தா வாங்கிக்கொண்டு ஏறுவதுமாக மாதங்கள் போயின. ஒருநாள் கண்ணாடி முன் நின்று சாட்சிக்கூண்டு ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தேன். என் மனைவி ரெஜினா வந்து, "ஏனுங்க, எடம் சும்மாதான கெடக்குது, ரெண்டு மேராக்காய் ஊனட்டுங்களா?" என்றாள். நீதிபதிக்கு ஆட்டுவதுபோல் கம்பீரமாகத் தலையாட்டினேன். (மேராக்காய் என்பது சௌசௌ. ஏற்காட்டு மழையில் அந்தக் கொடி பக்கத்தில் அசையாமல் நின்றால் நம்மேலும் ஏறிவிடும்.)

இடத்தைப் பார்த்து அறிக்கை தர, கோர்ட் ஒரு வக்கீலைக் கமிஷனராக நியமித்தது. கல்யாணக் கோட்டை மாட்டிக்கொண்டு அவரை நானே அழைத்துப் போனேன். பஞ்சாயத்து அதிகாரியும் மாமனாரும் ரெஜினாவும் கூடவே வந்தார்கள். "இதோ பாருங்க சார்!" என்று கையை நீட்டினேன்.

நிலம் முழுக்கப் பச்சைப் பசேல் என்று கொடி. கல்லும் இல்லை, குழியும் இல்லை. காய்கள் மட்டும் எக்கச்சக்கமாகக் காய்த்திருந்தன.

"நொம்ப நல்ல தோட்டமுங்க" என்றார் அதிகாரி.

இனி ஆயுள் முழுக்க மாமனார் வீட்டு ஆஜர்தான் என்று அழுகையே வந்துவிட்டது. கமிஷனர் இரக்கத்தோடு பார்த்தார். "நான் கண்ணால பார்த்ததைத்தானே எழுத முடியும்?" என்று சொல்லித் திரும்பி ஓர் அடி வைத்தார். அடுத்த நொடி கொடிக்கு நடுவே இடுப்புக்கு மேல்தான் தெரிந்தார்.

நல்ல மனிதன் என்ன செய்வான்? கை கொடுத்துத் தூக்குவான். நான் சந்தோஷத்தில் குதித்தேன். "அதாங்க சார்! அதேதாங்க அஸ்திவாரம்! கீழ கல்லு தட்டுதுங்களா?"

"தட்டுதுய்யா! தூக்குய்யா!"

"அசையாதீங்க சார், அளந்துக்கறேன்!" என்று கோட்டுப் பையிலிருந்து அளக்கும் டேப்பை எடுத்தேன். அதிகாரியைச் சாட்சிக்கு வேறு கூப்பிட்டேன்.

"மொதல்ல அவரத் தூக்குங்க!" என்று ரெஜினா கத்தினாள். கடைசியில் அவரைத் தூக்கியது மாமனார்தான்.

அஸ்திவாரம் உண்டு, கல்லும் உண்டு என்று கமிஷனர் நொண்டிக்கொண்டே எழுதிக் கொடுத்தார். ரத்து உத்தரவு செல்லாது என்று தீர்ப்பானது. வீட்டைக் கட்டிக் குடிபோன அன்று மாமனார் முதல்முறையாக வாய் திறந்தார். "மாப்ள, விருந்தாளி வந்தா வாசல்ல பாத்து நடக்கச் சொல்லுங்க."

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் யார் தடுக்கினாலும், "அசையாதீங்க, அளந்துக்கறேன்" என்று மற்றவர்கள் கத்துவது வழக்கமாகிவிட்டது. போன மழைக்கு நான் குளியலறையில் வழுக்கி விழுந்து, இடுப்பைப் பிடித்துக்கொண்டு அலறினேன். ரெஜினா பதறியடித்து ஓடிவந்தாள். கையில் டேப்.