மெலாத்திச் சந்தின் சீட்டுப் போர்

வெள்ளாவிக்கு அரசி வாழ்க! இஸ்திரிப்பெட்டியெனும் இடியேறு ஏந்திய எழிற்கரத்தாள், சுருங்கிய சட்டைகளின் துயர் துடைத்தாள், மாலாங் மாநகர் மெலாத்திச் சந்தின் மாணிக்கச்சுடர், சலவைக்கடை ரெத்னோ வாழ்க, வாழ்க!

கல்யாணப் பந்தல்களில் கரகரத்த ஒலிபெருக்கியோடு மல்லாடிக் கிடந்து, பின் ஊரார் கைபேசிகளின் தோளேறி, எங்கள் நாட்டுத் தீவுகளெல்லாம் இடுப்பசைக்க வளர்ந்த, டங்டுட் எனும் குத்தாட்டப் பாட்டின் பாடகி நிங் செகார் எங்கள் ஊர் அரங்கில் பாட வருகிறாள் எனக் கேட்ட அன்றே, ரெத்னோ ஊணும் உறக்கமும் துறந்தாள். (ஊண் துறந்ததை நான் பார்க்கவில்லை, கேள்விதான்.) இணையத்தில் நுழைவுச்சீட்டு வாங்குவதைப் 'போர்' என்றே சொல்லும் நாடு எங்கள் நாடு. சந்துக்கோ ஒரே வைஃபை.

போர்நாள் காலை, கடைவாசலில் நின்று மறமங்கை முழங்கினாள்: "எல்லாரும் கேட்டுக்கோங்க! பத்து மணிக்கு ஒருத்தரும் வைஃபையத் தொடக் கூடாது. செகார் அக்காவ மட்டும் நேர்ல பாத்துட்டேன்னா, உங்க காலுறைக்கும் இஸ்திரி போட்டுத் தரேன்!"

ஆனால், சாக்கடை தூர்வாருவதையும் கூரை மாற்றுவதையும் கூடியே செய்யும் குலத்தில், அண்டைவீட்டுப் பெண் தனித்துப் பொருதக் கண்டு கைகட்டி நிற்பது மாபாதகமன்றோ? சந்துத் தலைவரின் இல்லக்கிழத்தி, எல்லாருக்கும் 'இபு' (அம்மா) ஆன லஸ்த்ரி, தீப்பிடித்தால் மட்டுமே தட்டும் மூங்கில் முரசைத் தட்டினாள்.

"ஒத்தப் பொண்ணு என்னய்யா பண்ணுவா? ஆளுக்கொரு போன எடுங்க! எல்லாரும் சேந்து இழுத்தா வராதா?"

திரண்டன கைபேசிகள், திசையெட்டும் கருத்தெழுந்த கார்முகில்போல்! ஒற்றை மூங்கிற்பாலத்தில் யானைப்படை ஏறினாற்போல் முனகி நொடிந்தது வைஃபை. ரெத்னோவின் திரையில் சுழன்றது ஒரு வட்டம். திருமாலின் ஆழியும் அசுரன் தலை கொய்தபின் ஓயும், இது ஓயவில்லை.

"ஐயோ, எல்லாரும் அணைங்களேன்!" என அலறினாள்.

"நாங்க அணைச்சுட்டா உனக்கு யாருடி ஒதவறது?" என்றது எதிர்வீட்டுச் சன்னல்.

அவ்வேளை, வைஃபை என்றொரு பொருள் உண்டென்பதே அறியாது, தன் கைபேசி இணையத்துக்குத் தானே காசு போட்டுக்கொள்ளும் இறைச்சியுருண்டை வண்டிக்காரர், டங்டுட் கேட்டாலே காதைப் பொத்தும் பெருந்தகை, சந்தே 'பாக்' (ஐயா) என விளிக்கும் தர்சோனோ, கரண்டியை வாள்போல் உயர்த்தி ஆர்ப்பரித்தார்: "கெடச்சிருச்சு கண்ணு! கடைசிச் சீட்டு!"

ஆர்த்தது சந்து, அதிர்ந்தன ஓடுகள், ஓடிவந்து சீட்டைக் கண்ணிலொற்றிய ரெத்னோ, அதன் அடியில் இருந்ததைப் படித்தாள்: பெயர் மாற்ற இயலாது, அடையாள அட்டை காட்டுபவருக்கே அனுமதி. பெயர்: தர்சோனோ.

"பாக்! என் பேரப் போடலியா?"

"'உங்க பேரு என்ன'ன்னு போன் கேட்டுச்சு கண்ணு. என் பேர அடிச்சேன்."

கச்சேரிக்குத் தர்சோனோ போனார். ரெத்னோ அவர் வண்டியைப் பார்த்துக்கொண்டாள்.