பலகை பேசும், பிள்ளை பேசக்கூடாது

“நாப்பது நாள் பிள்ளை வாயே திறக்கக்கூடாதா? அவ என்ன மருந்து பாட்டிலா, மூடி வைக்க?”

இரண்டாம் மாடிக்காரரின் தங்கை, மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்ப்பவள், தன் அண்ணனிடம் கத்தியது நான்காம் மாடியில் எனக்குக் கேட்டது. இறங்கிப் போய்க் கூட்டத்தோடு நின்றுகொண்டேன். பொதுநலம்தான்.

“மெதுவாப் பேசு. உள்ள மாஸ்டர் இருக்கார்.”

பலகை மாஸ்டர்! பேசத் தெரிந்தும் மனிதரோடு பேசிப் பழகத் தெரியாத பிள்ளைகளின் கையைப் பிடித்து எழுத்துப் பலகைமேல் நகர்த்துவார். உள்ளே ஒளிந்திருக்கும் ஆத்மா எழுதுமாம். அவர் எந்த வீட்டுக்குப் போனாலும் தெருவே பின்னால் போனது.

இந்த வீட்டுப் பெண்ணுக்கு ஏழு வயது. “சௌக்கியமா?” என்றால், லிஃப்ட் எத்தனை கிலோ தாங்கும் என்று சொல்வாள். விருந்தாளியிடம் “எப்பப் போவீங்க?” என்பாள். எதிராளி பேசி முடிக்கும்வரை காத்திருந்து பதில் சொல்ல, பள்ளியில் ஒரு டீச்சர் பழக்கிக்கொண்டிருந்தார். போன வாரம்தான் முதன்முதலாக, “அத்தை, நீ சாப்பிட்டியா?” என்று கேட்டிருந்தாள்.

அந்த வகுப்பைத்தான் பலகை நிறுத்தச் சொன்னது. வாய் பேசினால் ஆத்மா கோபித்துக்கொள்ளுமாம்.

அன்று பலகை எழுதியது: “பிரபஞ்சப் பேரொளியே, என் தந்தையின் தியாகத்தை வணங்குகிறேன். மின்விசிறியை மாஸ்டர் பக்கம் திருப்புங்கள்.” பிள்ளையின் அப்பாவான அந்த அண்ணன் தேம்பினார். நாங்களும் அழுதோம். நான் கொஞ்சம் கூடுதலாகவே.

“அண்ணா, ஒரே ஒரு சோதனை. தோத்தா என் வாயையும் சேர்த்துக் கட்டு.”

மாஸ்டரைப் பால்கனிக்கு அனுப்பிக் கதவைச் சாத்தினாள் தங்கை. பிள்ளையிடம் ஒரு சாவியைக் காட்டிவிட்டுப் பையில் போட்டாள். மாஸ்டரை அழைத்தாள்.

“இவ என்ன பார்த்தான்னு பலகை சொல்லட்டும்.”

மாஸ்டர் பிள்ளையின் கையைப் பிடித்தார். அவள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பலகை எழுதியது: “அன்பு.”

மறுபடி பால்கனி. இந்த முறை ஸ்பூன். பலகை: “அமைதி.”

மறுபடி. செருப்பு. பலகை: “அத்தையின் அகங்காரம்.”

“சாவி, ஸ்பூன், செருப்பு,” என்றாள் பிள்ளை, வாயால்.

“சந்தேகப்படறவங்க முன்னாடி ஆத்மா வராதும்மா!” என்றார் மாஸ்டர்.

“என் கையை நீங்கதான் தள்றீங்க. வலிக்குது. எப்பப் போவீங்க?”

“பெரியவர்கிட்ட இப்படியா பேசறது?” என்று பதறினார் கூட்டத்தில் நின்ற எதிர்வீட்டுத் தையல்காரர். மோசடி அவரை உறுத்தவில்லை, மரியாதைக் குறைவுதான் உறுத்தியது.

அப்பா எழுந்தார். மகளின் கையை விடுவித்து, சிவந்திருந்த விரல்களைப் பார்த்தார். “கேக்கறாளே சார், பதில் சொல்லுங்க. எப்பப் போவீங்க?”

மறுநாளே அவள் வகுப்புக்குப் போனாள். மாஸ்டர் ஊர் மாறிப் போய், இப்போது பூனைகளின் பாதத்தைப் பிடித்து எழுதுகிறாராம். தையல்காரர் குடும்பமும் அதே ஊருக்குக் குடிபோய்விட்டது. அவர்களிடம் பூனை கிடையாது, வாங்கிக்கொண்டார்கள். கழுத்துக்குமேல் ஒன்று இருக்கிறதே ஐயா, அது தலைவாரிக்கொள்ள மட்டும்தானா?