நூத்தெண்பது அண்ணையின் உச்ச வேகம்

வெள்ளாங்குளத்தில் இருந்து மன்னாருக்குப் போகும் வழியில் உழவு இயந்திரம் முந்திச் சென்ற ஒரே கார், எங்கள் நூத்தெண்பது அண்ணையின் கார்தான். உழவு இயந்திரமாவது பரவாயில்லை. ஒருநாள் பின்கரியரில் விறகு கட்டிய ஒரு சைக்கிள், மணி அடித்து வழி கேட்டு எங்களை முந்திப் போனதை நான் பின் சீற்றில் இருந்து இந்த இரண்டு கண்ணாலும் பார்த்தேன். போகிற போக்கில் அந்த மனுசன் தலையாட்டிச் சுகம் வேறு விசாரித்துவிட்டுப் போனார். வெட்கத்தில் நான் சீற்றுக்குள் குனிந்துகொண்டேன். அண்ணைக்கு ஒன்றுமே இல்லை.

"போகட்டும் தங்கச்சி. என்ர கார் நினைச்சா நூத்தெண்பது ஓடும். நாங்கள்தான் நினைக்கிறேல்ல."

அந்தப் பெயர் அப்படி வந்து ஒட்டியதுதான். ஞானஸ்நானப் பெயர் கோயில் புத்தகத்தில் இருக்கும். ஊரில் யாருக்கும் தெரியாது. கட்டாரில் பதினொரு வருடம் ஒரு பெரிய வீட்டுக்காரருக்குக் கார் ஓட்டி, திரும்பி வரும்போது யப்பான் ஹைபிரிட் கார் ஒன்றை எடுத்துக்கொண்டு வந்து வாடகைக்கு ஓடத் தொடங்கினார். அதன் வேகமானியில் கடைசி இலக்கம் நூற்றெண்பது. எங்கள் பக்கத்தில் அப்படி ஒரு வண்டியை அதற்கு முன் யாரும் கண்டதில்லை.

வந்த ஞாயிற்றுக்கிழமையே மந்திரிக்கக் கோயிலடிக்குக் கொண்டுவந்தார். பூசை முடிந்து சனம் எல்லாம் சுற்றி நின்றது. பாதர் செபம் சொல்லி, தீர்த்தம் தெளித்து, "சரி, ஸ்ராட் பண்ணும் பார்ப்பம்" என்றார்.

"ஸ்ராட்டிலதான் நிக்குது பாதர்."

"சத்தத்தைக் காணேல்ல?"

"சத்தம் வராது பாதர். இப்ப பற்றரியில நிக்குது."

பாதர் நம்பவில்லை. குனிந்து, பொனற்றில் காதை வைத்தார். அண்ணை பிறேக்கில் இருந்த காலை எடுத்ததும் அந்த நேரம்தான். கார் பூனை மாதிரி, ஒரு மூச்சுச் சத்தம்கூட இல்லாமல் முன்னுக்கு நகர்ந்தது. "சேசு மரி சூசையே!" என்று பாதர் அங்கியைத் தூக்கிக்கொண்டு ஒரே பாய்ச்சலில் கோயில் படி ஏறிவிட்டார். அவருக்கு முழங்கால் வருத்தம். அதற்கு முந்தியும் பிந்தியும் அவர் அப்படிப் பாய்ந்து நாங்கள் கண்டதில்லை. சில பேர் அதை அந்தக் காரின் முதல் அற்புதம் என்று சொன்னார்கள்.

அண்ணைக்கு இரண்டு கட்டளைகள் இருந்தன. முதலாவது, ஐம்பதுக்கு மேல் ஓடுவதில்லை. காரின் முன்னால் ஒரு சின்னத் திரை. அதில் எஞ்சின், பற்றரி, சில்லு மூன்றின் படமும், சக்தி எங்கிருந்து எங்கே போகிறது என்று காட்டும் அம்புகளும். அண்ணை சாலையைப் பார்த்ததைவிட அந்த அம்புகளைப் பார்த்ததுதான் கூட. பற்றரியில் இருந்து சில்லுக்கு அம்பு போனால் முகத்தில் ஒரு சந்தோசம். எஞ்சின் எழும்பிவிட்டால், தொட்டிலில் போட்ட பிள்ளை எழும்பிவிட்ட மாதிரி ஒரு கவலை. அதைத் திரும்ப நித்திரையாக்க இன்னும் மெதுவாகப் போவார்.

முசலிப் பக்கத்தில் இருந்து மீன் வாங்க வரும் முதலாளி ஒருவர், முருங்கனில் கொழும்பு பஸ் பிடிக்க இவருடைய காரை ஒருமுறை பிடித்துவிட்டார். பாவம், தெரியாது. பாதி வழியில் முதலாளி கேட்டாராம்: "அல்லாஹ்வே! அண்ணன், நான் இறங்கித் தள்ளட்டா?"

"வேண்டாம் முதலாளி. தள்ளினா அம்பு குழம்பிப் போகும்."

பஸ் போய்விட்டது. அடுத்த பஸ்ஸும் போய்விட்டது. முதலாளி முருங்கன் சந்தியில் மதிய லுகர் தொழுகையையும் முடித்துவிட்டுத்தான் மூன்றாவது பஸ்ஸில் ஏறினார் என்று சொல்வார்கள்.

இரண்டாவது கட்டளை, மூக்கு. பின் சீற்றின் ஓரத்தில், கதவுப் பக்கமாக, சின்னத் துவாரங்கள் வைத்த ஒரு மூடி இருக்கும். அதன் வழியாகத்தான் காருக்குள் இருக்கும் குளிர்காற்றை இழுத்துப் பற்றரி தன்னை ஆற்றிக்கொள்கிறதாம். "அது பற்றரியின்ர மூக்கு தங்கச்சி. உங்கட மூக்கைப் பொத்திப்போட்டு ஓடச் சொன்னா ஓடுவீங்களோ?" சனிக்கிழமை தோறும் பெயின்ற் பிரஷால் அந்த மூக்கைத் துடைப்பார். நான் ஒருமுறை மறதியாக அதன்மேல் கருவாட்டுப் பையைச் சாய்த்து வைத்துவிட்டேன். மனுசன் காரை ஓரம் கட்டி, இறங்கி, என்னைப் பார்த்த பார்வை! கொலை செய்தவளைக்கூட யாரும் அப்படிப் பார்க்கமாட்டார்கள்.

இப்படிப்பட்டவரின் காரில்தான் என் வாழ்க்கையில் முக்கியமான ஒரு பயணத்தை நான் போக வேண்டியிருந்தது.

என் மூத்தவனுக்கு மன்னார்ப் பேராலயத்தில் குருப்பட்டம். காலை ஒன்பது மணிக்குத் திருப்பலி. பெற்றோர் இரண்டு பக்கமும் நின்று மகனைப் பவனியில் கூட்டிக்கொண்டு போய் ஆயர் ஆண்டகையிடம் ஒப்படைக்க வேண்டும். ஒரு தாய்க்கு அது ஒரே ஒருமுறைதான் கிடைக்கும். தவறினால் தவறியதுதான். சொந்தக்காரர் எல்லாரும் பஸ்ஸில் விடியவே போய்விட்டார்கள். எங்கள் இரண்டு பேரையும் நூத்தெண்பது அண்ணை, "குருவின்ர தாய் தகப்பன் பஸ்ஸில போறதோ? நான் கொண்டுபோய் விடுறன்" என்று பிடிவாதமாக நின்று ஏற்றினார். ஆறரைக்கு வெளிக்கிட்டோம். அவருடைய ஐம்பதில் போனாலும் எட்டு மணிக்குப் போய்ச் சேர்ந்திருப்போம்.

போய்ச் சேராததற்கு அண்ணை காரணமில்லை. நான்தான். மகன் நல்லபடியாகக் குருவானால், வீட்டில் இருந்து பேராலயம் வரை வழியில் இருக்கும் கோயில், சுரூபம் வைத்த கெபி ஒன்றும் விடாமல் மெழுகுதிரி கொளுத்துவேன் என்று மடு மாதாவுக்கு நேர்த்தி வைத்திருந்தேன். எங்கள் பக்கத்தில் எத்தனை கோயில், எத்தனை கெபி என்று நேர்த்தி வைக்கும்போது யோசிக்கவில்லை. அன்றைக்குக் கச்சான் காற்று வேறு. ஒரு கெபியில் ஏழு தரம் கொளுத்தி ஏழு தரமும் அணைந்தது. ஒரு கோயில் பூட்டிக் கிடந்தது. திறப்பு வைத்திருந்தவர் தோட்டத்தில் நின்றார். அவர் வரும்வரை அரை மணித்தியாலம் படியில் இருந்து செபமாலை சொன்னேன். இலுப்பைக்கடவை தாண்டும்போது மணி எட்டரை. மகன் போன் எடுத்தான்.

"அம்மா, எங்க நிக்கிறீங்கள்? ஒன்பதுக்குப் பவனி வெளிக்கிடும்."

என் வீட்டுக்காரர் போனைப் பறித்து, "கிட்ட வந்திட்டம் மகன்" என்று சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். "இனி ஒரு மெழுகுதிரி கொளுத்தினியெண்டால் நான் இறங்கி ஓடியே போயிடுவன்."

"மிச்சத்தை வரேக்க கொளுத்துறன்" என்றேன். போகும்போதா வரும்போதா என்று நேர்த்தியில் நான் சொல்லியிருக்கவில்லை. மாதா பொறுத்துக்கொள்வாள்.

பிறகு முன்னுக்குச் சரிந்து கைகூப்பினேன். "அண்ணை, உங்களைக் கும்பிட்டுக் கேக்கிறன். உந்த நூத்தெண்பதை இண்டைக்கு ஒருக்கா ஓடுங்கோ."

கண்ணாடியில் அவருடைய முகத்தைப் பார்த்தேன். வேர்த்துப்போய் இருந்தது.

"தங்கச்சி, நான் ஒருநாளும் ஓடிப் பார்க்கேல்ல."

"ஏன் அண்ணை?"

"ஓடிப் பார்த்தால் தெரிஞ்சிடுமெல்லோ."

இத்தனை வருடமும் இந்த மனுசன் சிக்கனத்துக்காக மெதுவாக ஓடுகிறார் என்று நாங்கள் எல்லாரும் சிரித்துக்கொண்டிருந்தோம். இவர் பயத்தில் ஓடியிருக்கிறார். அந்த இலக்கம் பொய்யாகிவிடுமோ என்ற பயம்.

அண்ணை நெற்றியில் சிலுவை போட்டார். காலை அழுத்தினார்.

ஐயோ, அந்தக் கார்! நான் கதவுப் பிடியைத் தேடிப் பிடிக்கமுன் எண்பது. அதுவரை உரத்த குரலே கேட்டிராத எஞ்சின், காலையில் அறுக்கப் பிடித்த கிடாய் மாதிரிக் கத்தத் தொடங்கியது. நூறு. நூற்றிருபது. என் வீட்டுக்காரரின் வாயில் இருந்து வெற்றிலை எங்கே போனது என்று இன்றுவரை தெரியாது. சாலை நேராக, வெறுமையாகக் கிடந்தது. நூற்றிருபதுக்குப் பிறகு கார் யோசித்து யோசித்து ஏறியது. திரையில் பற்றரிக் கோடுகள் ஒவ்வொன்றாக இறங்கின. நூற்றைம்பது. நூற்றைம்பத்தொன்று. நூற்றைம்பத்திரண்டு.

அதோடு நின்றுவிட்டது. அண்ணை காலைத் தரையோடு சேர்த்து மிதித்தார். எஞ்சின் கத்தியது. இலக்கம் அசையவில்லை.

நான் செத்தவீடுகள் பார்த்திருக்கிறேன். அந்த நேரம் அண்ணையின் முகம் அப்படித்தான் இருந்தது.

அந்தத் துக்கம் முடியமுன் திரையில் முக்கோணமாக ஒரு சிவப்பு எரிந்தது. கார் சோர்ந்து, நூறு, எழுபது, நாற்பது என்று இறங்கி, சாலையோரம் போய் நின்றது. அண்ணை இறங்கிப் பின் கதவைத் திறந்தார். பற்றரியின் மூக்கின்மேல் என் மெழுகுதிரிப் பெட்டி. அதன்மேல் என் வீட்டுக்காரரின் கஞ்சி போட்ட சால்வைப் பொதி. ஒவ்வொரு கெபியிலும் ஏறி இறங்கிய அவசரத்தில் நானே தள்ளி வைத்தது. கருவாட்டுப் பைக்கே அந்தப் பார்வை பார்த்தவர்!

அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. பெட்டியை எடுத்து மெல்லக் கீழே வைத்தார். எனக்கு அதுதான் கூட அதிர்ச்சி.

"அண்ணை, நான் மூக்கை அடைச்சதாலதான் நூத்தெண்பது வரேல்ல, என்ன?" என்று கேட்டேன். அவருக்கு ஒரு பிடி கொடுக்கத்தான் கேட்டேன்.

"இல்லைத் தங்கச்சி. சிவப்பு எரியமுன்னமே அது நிண்டிட்டுது. வெளிக்கிடேக்க தள்ளிவிடுறதுதான் பற்றரி. உச்சத்தில எஞ்சின் தனிய நிண்டு மாரடிக்க வேணும். அது சின்ன எஞ்சின். அதின்ர அளவு அவ்வளவுதான்." கண்ணைத் துடைத்துக்கொண்டார். "ஏறுங்கோ. ஏசியைக் கூட்டிவிடுறன். நீங்கள் மூக்குக்கு விசுக்குங்கோ. நேரம் போகுது."

விசுக்கினேன். கூறைச்சீலை உடுத்து, தலைநிறைய மல்லிகைப்பூ வைத்து, பின் சீற்றில் முழந்தாளிட்டு, மகனின் குருப்பட்ட அழைப்பிதழால் ஒரு பற்றரிக்கு விசுக்கிக்கொண்டே போன தாய் நான் ஒருத்திதான். வாயில் செபம், கையில் விசிறி. "விசுக்கு, விசுக்கு, முக்கோணம் போயிட்டுது!" என்று என் வீட்டுக்காரர் முன்னால் இருந்து கத்தினார். கார் மூச்சுப் பிடித்து மெல்ல மெல்ல எழும்பியது. கடலுக்குக் குறுக்கே போகும் தாம்போதி தாண்டி, நகரத்தில் நடுச்சாலையில் நின்ற கழுதைகளுக்குப் பின்னால் ஒரு யுகம் காத்து நின்று, பேராலய வாசலுக்குப் போகும்போது மணி அடித்துக்கொண்டிருந்தது. பவனி வரிசையாகி நின்றது. என் மகன் வெள்ளை அங்கியோடு வாசலைப் பார்த்தபடி நின்றான். நான் கொண்டை அவிழ்ந்து, வேர்த்து வழிய, கிழிந்த அழைப்பிதழோடு ஓடிப்போய் அவனுடைய கையைப் பிடித்தேன். அவன் என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டான். ஒப்படைத்தேன்.

பகல் சாப்பாட்டு மண்டபத்தில் கதை பரவிவிட்டது. என் வீட்டுக்காரரின் வாய் சும்மா இருக்குமா? எங்கள் ஊர் இளந்தாரிகள் அண்ணையைச் சுற்றி வளைத்துக்கொண்டார்கள்.

"அண்ணை, கடைசியா அமத்திப் பார்த்திட்டீங்களாம்! எவ்வளவு ஓடினது?"

"சொல்லுங்கோவன். தொண்ணூறு வந்ததோ?"

"தொண்ணூறோ! உதுக்கு எழுபதே கூடப் போச்சு!"

சிரிப்பு. அண்ணை சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். வாயைத் திறந்தால் உண்மையைத்தான் சொல்லுவார், எனக்குத் தெரியும். அதற்குப் பிறகு எங்கள் ஊரில் அவரை யாரும் அந்தப் பெயரால் மரியாதையாகக் கூப்பிடமாட்டார்கள்.

நான் கறிச்சட்டியை மேசையில் வைத்தேன். "நூத்தெண்பது" என்றேன். "நான் பின்னால இருந்து என்ர கண்ணால பார்த்தனான்."

குருவானவரின் தாய், அதுவும் மகன் குருவாகி இரண்டு மணித்தியாலம் ஆகமுன், பொய் சொல்லுவாள் என்று யார் நினைப்பார்கள்? இளந்தாரிகள் வாயைப் பிளந்தார்கள். என் வீட்டுக்காரர் இருமினார். அண்ணை தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தார். பிறகு குனிந்து, இரண்டாம் முறை சோறு கேட்டுச் சாப்பிட்டார்.

அடுத்த சனிக்கிழமை பாவசங்கீர்த்தனத்தில் அந்தப் பொய்யைப் பாதரிடம் ஒப்புக்கொண்டுவிட்டேன். அபராதமாகக் கொடுத்த செபங்களையும் சொல்லி முடித்துவிட்டேன். பாவத்துக்காக வருந்தும் மனஸ்தாபம் மட்டும் இன்னும் வரவில்லை.